கறுப்புக் கோலியும் ஒரு சிறு கல்லூரியும்

மாலி யார்டு 1912இல் ஷாங்காயில் பிறந்தார். அப்பா சீனாவில் மெதடிஸ்ட் மிஷனரி. பிறந்தது மூன்றாவதும் பெண் குழந்தை என்று தெரிந்ததும், அப்பாவின் சீன நண்பர்கள் வேலைப்பாடு மிக்க பித்தளைப் பாத்திரம் ஒன்றைக் கொண்டுவந்து கொடுத்தார்களாம். வாழ்த்துச் சொல்ல வந்த பரிசில்லை, துக்கம் விசாரிக்க வந்த பரிசு. அந்தப் பெண் வளர்ந்து அமெரிக்காவின் பென்சில்வேனியா மாநிலத்தில் ஸ்வார்த்மோர் என்ற சின்னக் கல்லூரிக்குப் படிக்கப் போனார். அங்கே, தான் உறுப்பினராக இருந்த பெண்கள் சங்கத்துக்கு எதிராகவே கிளம்பினார். 1933இல் அந்தக் கல்லூரியின் பெண்கள் சங்கங்கள் அத்தனையும் மூடப்பட்டன. ஆண்களின் சங்கங்கள் மூடப்பட்டது 2019இல். நடுவே 86 ஆண்டுகள்.

இந்த இடைவெளியை வைத்துக்கொண்டு ஒரு கேள்வியை எடைபோட்டுப் பார்க்கலாம். ஆயிரம், ஆயிரத்தைந்நூறு பேர் படிக்கும் ஒரு கல்லூரியில் ஃபிரடர்னிட்டி, சொராரிட்டி என்று சொல்லப்படும் சங்கங்களுக்கு இடம் உண்டா?

முதலில் அவை என்ன என்று பார்த்துவிடுவோம். கிரேக்க எழுத்துகளைப் பெயராக வைத்துக்கொள்ளும் மாணவர் சங்கங்கள் இவை. ஆண்களுடையது ஃபிரடர்னிட்டி, பெண்களுடையது சொராரிட்டி. சகோதரன், சகோதரி என்பதற்கான இலத்தீன் சொற்களிலிருந்து வந்த பெயர்கள். விருப்பப்பட்டவர் பணம் கட்டிச் சேர்ந்துவிட முடியாது. ‘ரஷ்’ என்ற காலத்தில் பழைய உறுப்பினர்கள் புது மாணவர்களை விருந்துக்கும் தேநீருக்கும் கூப்பிட்டுப் பேசிப் பழகிப் பார்ப்பார்கள். பிடித்தவருக்கு ‘பிட்’ என்ற அழைப்பு வரும். பிடிக்காதவருக்கு எதுவும் வராது. காரணமும் சொல்ல மாட்டார்கள். சேர்ந்த பிறகு இரகசியச் சடங்கு, சட்டையில் குத்திக்கொள்ளும் சின்னம், நாடு முழுவதும் கிளைகள், மேலே ஒரு தேசியத் தலைமை, படித்து முடித்துப் போனாலும் உறவு விடாத பழைய மாணவர்கள். யாரைச் சேர்ப்பது என்று முடிவெடுக்கப் பல சங்கங்கள் மூடிய பெட்டி ஒன்றைப் பயன்படுத்தின. சம்மதம் என்றால் வெள்ளைக் கோலி, வேண்டாம் என்றால் கறுப்புக் கோலி. ஒரே ஒரு கறுப்புக் கோலி விழுந்தாலும் போதும், அந்த மாணவனுக்குக் கதவு அடைபட்டுவிடும்.

எடைபோட இரண்டு படிக்கற்கள் போதும். உள்ளே இருப்பவருக்குக் கல்லூரியால் கொடுக்க முடியாத எதை இந்தச் சங்கம் கொடுத்தது? வெளியே நிறுத்தப்பட்டவருக்கு அது என்ன செய்தது? இரண்டாவது கேள்விக்குச் சிறு கல்லூரியில் தனிக் கனம் உண்டு. முப்பதாயிரம் பேர் படிக்கும் பல்கலைக்கழகத்தில் ஒரு சங்கம் உங்களை வேண்டாம் என்றால், அதன் உறுப்பினர்களை மறுபடி பார்க்காமலேயே பட்டம் வாங்கிக்கொண்டு போய்விடலாம். ஸ்வார்த்மோர் மாதிரி இடத்தில் கறுப்புக் கோலி போட்டவர் நாளைக் காலை உங்களுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து முட்டை சாப்பிடுவார். அவர்தான் போட்டார் என்பது உங்களுக்குத் தெரியாது. அந்த மேசையில் இருக்கும் யாராகவும் இருக்கலாம்.

இந்தச் சங்கங்கள் பிறந்த காரணத்தைக் குறைத்துப் பேசக் கூடாது. 1825இல் நியூயார்க் மாநிலத்தின் யூனியன் கல்லூரியில் காப்பா ஆல்ஃபா தொடங்கியது. அடுத்த கால் நூற்றாண்டுக்குள் அதே கல்லூரியில் இன்னும் ஐந்து பிறந்தன. அன்றைய அமெரிக்கக் கல்லூரியை நினைத்துப் பாருங்கள். விடிவதற்கு முன் ஜெபம், பிறகு இலத்தீனும் கிரேக்கமும் மனப்பாடம், ஒப்பித்தல், மறுபடி ஜெபம். பதினெட்டு வயதுப் பையன் நண்பர்களோடு உட்கார்ந்து தன் காலத்தைப் பற்றிப் பேச ஓர் இடம் கிடையாது. அந்த வெற்றிடத்தைச் சங்கங்கள் நிரப்பின. பிறகு வீடு கட்டின, சமையற்காரர் வைத்தன, சாப்பாடு போட்டன. கல்லூரிகளுக்கும் இது வசதியாகப் போயிற்று. விடுதி கட்டும் செலவு மிச்சம்.

பெண்கள் சங்கங்களின் பிறப்புக்கு இன்னும் நியாயமான காரணம் உண்டு. 1867இல் இல்லினாய் மாநிலத்தின் மான்மத் கல்லூரியில் பன்னிரண்டு பெண்கள் கூடி, பின்னாளில் பை பீட்டா ஃபை என்று பெயர் பெற்ற சங்கத்தைத் தொடங்கினார்கள். 1870இல் இண்டியானாவின் கிரீன்காசில் ஊரில் பெட்டி லாக் என்ற மாணவியும் தோழியர் மூவரும் காப்பா ஆல்ஃபா தீட்டாவை ஆரம்பித்தார்கள். பெட்டி லாக்கை ஓர் ஆண்கள் சங்கம் தன் சின்னத்தை அணிந்துகொள்ளச் சொன்னதாகவும், உறுப்பினராக்குவீர்களா என்று அவர் கேட்டதற்கு முடியாது என்று சொன்னதாகவும் அந்தச் சங்கத்தின் வரலாறு சொல்கிறது. அலங்காரத்துக்கு வேண்டும், சரிசமமாக வேண்டாம். பெண்கள் கல்லூரிக்குள் வருவதையே முகம் சுளித்துப் பார்த்த காலம் அது. அந்த நால்வருக்குச் சங்கம் ஒரு கூரையாக இருந்தது. முதல் படிக்கல்லில் இது நல்ல எடை.

அந்தத் தீட்டாவே 1891இல் ஸ்வார்த்மோருக்கு வந்தது. கதை சிக்கலாவது இங்கேதான்.

ஸ்வார்த்மோர் 1864இல் குவேக்கர்கள் நிறுவிய கல்லூரி. பிலடெல்பியாவிலிருந்து ரயிலில் போனால் அரை மணி நேரம். 1869இல் வகுப்புகள் தொடங்கிய நாள் முதல் ஆண்களும் பெண்களும் சேர்ந்தே படித்தார்கள். அடிமை ஒழிப்புக்கும் பெண்ணுரிமைக்கும் போராடிய லுக்ரீஷியா மாட் நிறுவியவர்களில் ஒருவர். ஒவ்வொரு மனிதருக்குள்ளும் இறைவனின் ஒளி இருக்கிறது என்பது குவேக்கர்களின் அடிப்படை நம்பிக்கை. அவர்கள் சபையில் வாக்கெடுப்பு கிடையாது. எல்லோரும் அமைதியாக உட்கார்ந்து, தோன்றியதைச் சொல்லி, ஒருமனப்பட்ட பிறகே முடிவு. மனசாட்சி இடம் கொடுக்கவில்லை என்று ஒருவர் உறுதியாக எழுந்து நின்றால் விஷயம் அங்கேயே நின்றுபோகலாம்.

மேலோட்டமாகப் பார்த்தால் கறுப்புக் கோலியும் இதையேதான் செய்கிறது. இரண்டிலும் ஒற்றை ஆளுக்குத் தடுக்கும் அதிகாரம் இருக்கிறது. ஆனால் குவேக்கர் எழுந்து நின்று, தன் முகத்தைக் காட்டி, காரணம் சொல்லித் தடுக்கிறார். அவரோடு வாதாடலாம், மனதை மாற்றலாம், அவரும் உங்கள் மனதை மாற்றலாம். கோலி போடுகிற கைக்கு முகம் இல்லை. இந்த இரண்டு வழக்கங்களும் ஒரே வளாகத்தில் நாற்பது ஆண்டுகளுக்கு மேல் அக்கம்பக்கமாக இருந்தன என்பதே வியப்பு. 1880களின் இறுதியில் ஆண்கள் சங்கத்தை உள்ளே விட்டபோது கல்லூரி தன் கொள்கையோடு ஒரு சமரசம் செய்துகொண்டது. அந்தக் கடனுக்கு வட்டி கட்டியவர்கள் மாணவர்கள்.

1930களின் தொடக்கத்தில் கல்லூரியின் பெண்களில் பெரும்பாலோர் ஏதோ ஒரு சொராரிட்டியில் இருந்தார்கள். கேட்பதற்கு நல்ல செய்திபோல இருக்கும். வெளியே இருந்தவர்கள் பக்கம் நின்று பார்த்தால் அப்படி இல்லை. பத்துப் பேரில் இருவரைச் சேர்க்கும் சங்கம் எட்டுப் பேரைப் புண்படுத்துவதில்லை, எட்டுப் பேரும் ஒருவருக்கொருவர் துணையாக இருப்பார்கள். பத்தில் எட்டுப் பேரைச் சேர்க்கும் ஏற்பாடு மீதி இருவரைத் தனியே நிறுத்திவிடுகிறது. அதுவும் அவர்கள் யார் என்பது முன்கூட்டியே தெரியும் என்றால்? தீட்டாவில் ஒரு யூத மாணவியைச் சேர்க்க முயன்றபோது, யூதர் என்பதாலேயே அவருக்கு இடம் மறுக்கப்பட்டது. அந்தத் தீட்டாவில்தான் மாலி யார்டு உறுப்பினர்.

அவர் கோபித்துக்கொண்டு தான் மட்டும் விலகியிருக்கலாம். விதியைத் திருத்தச் சொல்லித் தலைமைக்கு மனு எழுதிக் காத்திருக்கலாம். அவரும் தோழியரும் அந்த இரண்டோடும் நிற்கவில்லை. சொராரிட்டிகளே வேண்டாம் என்று கல்லூரிப் பெண்களிடம் பிரசாரம் செய்தார்கள், வாக்கெடுப்புக்குக் கொண்டுபோனார்கள், வென்றார்கள். சொராரிட்டிகளுக்காகக் கட்டியிருந்த சிறு வீடுகள் பிறகு மாணவர் விடுதிகளாயின. மாலி யார்டு பின்னாளில் அமெரிக்காவின் தேசியப் பெண்கள் அமைப்பான ‘நவ்’வுக்கு 1987 முதல் 1991 வரை தலைவராக இருந்தார்.

இந்த வாக்கெடுப்பு நம் எடைபோடலில் முக்கியமான சாட்சி. சங்கங்களைப் பற்றிக் குறை சொல்பவர்கள் இடம் கிடைக்காத ஏக்கத்தில் பேசுகிறார்கள் என்பது ஆதரவாளர்களின் பழைய வாதம். ஸ்வார்த்மோர் அந்த வாதத்தைப் பொய்யாக்கியது. உள்ளே இருந்த, அதன் சுகம் முழுவதையும் அனுபவித்த பெண்களின் ஆதரவில்லாமல் அந்த வாக்கெடுப்பு வென்றிருக்கவே முடியாது.

ஆனால் அதன் விளைவையும் நேர்மையாகச் சொல்ல வேண்டும். பெண்கள் தங்கள் சங்கங்களைக் கலைத்தார்கள், ஆண்கள் கலைக்கவில்லை. மனசாட்சி உள்ளவர்கள் இடத்தைக் காலி செய்துவிட்டுப் போக, மற்றவர்கள் இடத்தை வைத்துக்கொண்டார்கள். ஆண்கள் சங்கங்களின் எண்ணிக்கை பிறகு குறைந்தது. இந்த நூற்றாண்டில் மிஞ்சியவை இரண்டு: ஃபை சை, டெல்டா உப்சிலான். மிகச் சிலரே உறுப்பினர்கள். இருந்தாலும் வளாகத்துக்குள் தனி வீடு, வார இறுதி விருந்து, கதவில் நின்று யாரை உள்ளே விடுவது என்று முடிவெடுக்கும் உரிமை எல்லாம் அவர்கள் கையில். ஒரு கல்லூரியின் சனிக்கிழமை இரவு சிறு ஆண் கூட்டம் ஒன்றின் தயவில் நடந்தது. 1933இன் தீர்ப்பு சரியானது, ஆனால் பாதித் தீர்ப்பு.

மற்றக் கல்லூரிகள் என்ன செய்தன என்று பார்த்தால் ஒப்பிட வசதியாக இருக்கும்.

மாசசூசெட்ஸின் வில்லியம்ஸ் கல்லூரியில் 1950களில் பதினைந்து ஃபிரடர்னிட்டிகள் இருந்தன. 1953இல் அங்கே ஃபை டெல்டா தீட்டா கிளை ஒரு யூத மாணவரைச் சேர்த்தது. அதற்காகத் தேசியத் தலைமை அந்தக் கிளையையே இடைநீக்கம் செய்தது. உறுப்பினர் முழு ஆரிய இரத்தம் உடையவராக இருக்க வேண்டும் என்ற விதி அதன் சட்டத்தில் இருந்தது. ஹிட்லரை எதிர்த்துப் போரிட்டு எட்டு ஆண்டுகள் கழித்து நடந்தது இது. அண்டைக் கல்லூரியான ஆம்ஹெர்ஸ்டில் 1948இல் ஃபை காப்பா சை கிளை ஒரு கறுப்பின மாணவரைச் சேர்த்தது. தலைமை அங்கீகாரத்தைப் பறித்தது, மாணவர்கள் அசராமல் தனிச் சங்கமாகத் தொடர்ந்தார்கள். இரண்டு சம்பவங்களும் மாணவர்களுக்குப் பெருமை சேர்ப்பவை. கூடவே வேறொன்றையும் காட்டுகின்றன: ஒரு சிறு கல்லூரியின் விருந்து மேசையில் யார் உட்காரலாம் என்பதை எங்கோ தொலைவில் இருக்கும் தலைமை தீர்மானித்துக்கொண்டிருந்தது. தன் மாணவர்களின் கூடுதலான நியாய உணர்வைக் காப்பாற்றவே கல்லூரிக்கு வழியில்லாமல் இருந்தது.

வில்லியம்ஸ் அமைத்த ஆஞ்சவைன் குழு 1962இல் தெளிவான யோசனை சொன்னது. தங்குமிடம், சாப்பாடு, கூடிப் பழகும் இடம் ஆகிய மூன்றையும் இனிக் கல்லூரியே ஏற்று நடத்த வேண்டும். சங்கங்களைத் திட்டுவதைவிட அவை செய்துவந்த வேலையைக் கைக்கு எடுத்துக்கொள்வதில் அந்த அறிக்கை கவனம் வைத்தது. பழைய மாணவர்களில் பலர் கொதித்தார்கள். கல்லூரித் தலைவர் ஜான் சாயர் பின்வாங்கவில்லை. சங்க வீடுகள் ஒன்றொன்றாகக் கல்லூரியின் விடுதிகளாயின. செயின்ட் அந்தோணி ஹால் என்ற பழைய சங்க மாளிகையில் இன்று வளர்ச்சிப் பொருளாதார மையம் நடக்கிறது. வளரும் நாடுகளின் நிதி அமைச்சகங்களிலிருந்தும் மத்திய வங்கிகளிலிருந்தும் அதிகாரிகள் வந்து படிக்கிறார்கள். ஆரிய இரத்தம் பற்றிய விதிகள் புழங்கிய ஊரில் ஆசியரும் ஆப்பிரிக்கரும் அந்த மாடிப்படிகளில் ஏறுகிறார்கள்.

ஆம்ஹெர்ஸ்ட் 1984இல் ஃபிரடர்னிட்டிகளை ஒழித்தது. ஆனால் அவை வளாகத்துக்கு வெளியே, பெயரளவில் கல்லூரிக்குத் தொடர்பில்லாமல், முப்பது ஆண்டுகள் உயிரோடிருந்தன. கல்லூரி பார்த்தும் பார்க்காததுபோல் இருந்தது. 2014இல் மறுபடியும் ஒரு தடை போட வேண்டிவந்தது. மான்மத் கல்லூரியும் 1870களில் இரகசியச் சங்கங்களைத் தடை செய்தபோது பெண்கள் ஒளிந்து நடத்தினார்கள். வெறும் தடை சங்கத்துக்கு இன்னும் ஓர் இரகசியத்தைக் கூட்டிக் கொடுக்கிறது. பந்தியை நிறுத்தினால் போதாது, வேறு இலை போட வேண்டும்.

மறுபடி ஸ்வார்த்மோர். 2012இல் கல்லூரி சொராரிட்டிக்கு மீண்டும் அனுமதி கொடுத்தது. வந்தது அதே காப்பா ஆல்ஃபா தீட்டா. ஆண்களுக்குச் சங்கம் இருக்கும்போது பெண்களுக்கு மறுப்பது பாகுபாடு என்பது வாதம். சட்டப்படி மறுக்க முடியாத வாதம்தான். ஆனால் 1933இன் பாதித் தீர்ப்பு எங்கே கொண்டுவந்து விட்டது பாருங்கள்! தவறைச் சமமாகப் பங்கிட்டுக் கொடுப்பதே நீதியாகத் தோன்றும் நிலைக்கு. மறு ஆண்டில் மாணவர்கள் நடத்திய வாக்கெடுப்பில் சங்கங்களை ஒழிக்க வேண்டும் என்ற கருத்து தோற்றது. சாட்சிகளை எடைபோடும்போது இதை ஒளிக்கக் கூடாது: வாக்களித்த மாணவர்களில் பெரும்பான்மையோர் அப்போது சங்கங்கள் இருக்கட்டும் என்றே நினைத்தார்கள்.

2019 ஏப்ரலில் ஃபை சை சங்கத்தின் 2013 முதல் 2016 வரையான கூட்டக் குறிப்புகள் நூறு பக்கங்களுக்கு மேல் மாணவர் பத்திரிகைகள் கையில் கிடைத்தன. பெண்களையும் கறுப்பினத்தவரையும் ஒருபாலீர்ப்பாளர்களையும் இழிவுபடுத்தும் பேச்சு, பாலியல் வன்முறையை வேடிக்கையாக்கும் வரிகள். மாணவர்கள் சங்க வீட்டுக்குள் புகுந்து உட்கார்ந்து போராடினார்கள். சில நாட்களில், ஏப்ரல் 30 அன்று, இரண்டு சங்கங்களும் தாமே கலைந்தன. கல்லூரித் தலைவர் வேலரி ஸ்மித் மே மாதம் இனி இவ்வகைச் சங்கங்களே இங்கு கிடையாது என்று அறிவித்தார். தீட்டாவில் இருந்தவர்கள் படித்து முடித்துப் போகும்வரை, 2022 வரை, அதற்கு அவகாசம்.

டெல்டா உப்சிலானின் முடிவில் ஒரு கசப்பு உண்டு. அதன் வேர் 1834இல் வில்லியம்ஸ் கல்லூரியில், இரகசியச் சங்கங்களுக்கு எதிராகவே தொடங்கிய ஓர் அமைப்பு. பின்னாளில் அமெரிக்க ஜனாதிபதியான ஜேம்ஸ் கார்ஃபீல்டு மாணவராக இருந்தபோது அதில் சேர்ந்தார். இரகசியத்தை எதிர்க்கப் பிறந்தது, காலப்போக்கில் தான் எதிர்த்த வடிவத்தையே உடுத்திக்கொண்டது. ஆட்கள் மோசமானவர்களாக இருக்க வேண்டியதில்லை, ஏற்பாடே அப்படி இழுக்கிறது என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் எனக்குத் தெரியவில்லை.

இனி எதிர்வாதங்கள். குறிப்புகள் வெளியானபோது ஃபை சை உறுப்பினர்கள் சொன்ன பதில் கவனிக்கத்தக்கது: அவை எழுதப்பட்டபோது நாங்கள் பள்ளிக்கூடத்தில் படித்துக்கொண்டிருந்தோம், அப்படிப்பட்ட இடம் என்று தெரிந்திருந்தால் சேர்ந்திருக்கவே மாட்டோம். உண்மையாகவே இருக்கலாம். யார் செய்த குற்றத்துக்கு யார் தண்டனை என்று கேட்க அவர்களுக்கு உரிமை உண்டு. ஆனால் ஒரு சங்கம் தன் பழைய பெயரையும் வீட்டையும் பழைய உறுப்பினர்களின் தொடர்பையும் சொத்தாக வாங்கிக்கொள்ளும்போது, கடனை மட்டும் வேண்டாம் என்று சொல்ல முடியாது. இரகசியம் காப்பதை மரபாக வைத்திருக்கும் அமைப்பில் சேருகிறவனுக்கு முந்தியவர்கள் என்ன செய்தார்கள் என்பது தெரியாமல் போவது தற்செயல் இல்லை.

இரண்டாவது எதிர்வாதம் இதைவிட வலுவானது. ஹோவர்டு பல்கலைக்கழகத்தில் 1908இல் கறுப்பினப் பெண்கள் ஆல்ஃபா காப்பா ஆல்ஃபாவைத் தொடங்கினார்கள். 1913இல் அங்கேயே பிறந்த டெல்டா சிக்மா தீட்டா, பிறந்த சில வாரங்களில் வாஷிங்டனில் பெண்கள் வாக்குரிமை ஊர்வலத்தில் நடந்தது. தமிழ்நாட்டைப் பூர்வீகமாகக் கொண்டு அமெரிக்காவுக்குப் படிக்கப்போன சியாமளா கோபாலனின் மகள் கமலா ஹாரிஸ் ஹோவர்டில் ஆல்ஃபா காப்பா ஆல்ஃபா உறுப்பினர்; துணை ஜனாதிபதியான பிறகும் அந்தச் சகோதரிகளின் பெயரைப் பெருமையோடு சொன்னவர். இவற்றையும் அதே தராசில் வைத்து நிராகரிக்க முடியுமா? முடியாது. விரட்டப்பட்டவர்கள் கட்டிய கூரையும் விரட்டுகிறவர்கள் கட்டிய மதிலும் ஒன்றல்ல. 1870இன் தீட்டாவும் அப்படி ஒரு கூரைதான். ஆனால் கூரை மதிலாக மாற அறுபத்துமூன்று ஆண்டுகள் போதுமாக இருந்தன. அந்த மாற்றத்தை உள்ளே இருந்தவர்களே கண்டுபிடித்துச் சொன்னார்கள் என்பதுதான் ஸ்வார்த்மோர் பெண்களின் பெருமை.

மூன்றாவது, நட்பு. வாழ்நாள் நண்பர்கள் அங்கேதான் கிடைத்தார்கள் என்று ஆயிரக்கணக்கானவர்கள் சொல்கிறார்கள். நம்புகிறேன். ஆனால் சிறு கல்லூரி என்பதே அந்த நட்புக்கான ஏற்பாடுதானே? பேராசிரியருக்கு உங்கள் பெயர் தெரியும், விடுதியில் எல்லோர் முகமும் தெரியும். அதற்காகத்தான் பெரிய பல்கலைக்கழகத்தை விட்டுவிட்டு இங்கே வருகிறார்கள். ஏற்கெனவே சிறியதாக இருக்கும் வட்டத்துக்குள் இன்னொரு வட்டம் போடுவதால் கூடுவது நட்பைவிட வெளியே நிற்பவர்களின் எண்ணிக்கைதான்.

ஆக, தீர்ப்பு இது. பெரிய பல்கலைக்கழகங்களைப் பற்றி நான் பேசவில்லை, அங்கே வேறு கணக்கு. ஒரு சிறு கல்லூரியில், காரணம் சொல்லாமல் ஆளைத் தள்ளும் உரிமையும் வெளித் தலைமையும் உள்ள சங்கத்துக்கு இடம் கிடையாது. மூடியது சரி. மூடிய விதத்தில் முதல் மதிப்பெண் வில்லியம்ஸுக்கு: அது கூரையையும் மேசையையும் முதலில் தன் பொறுப்பில் எடுத்துக்கொண்டது. ஆம்ஹெர்ஸ்ட் கதவை மூடிவிட்டு முப்பது ஆண்டுகள் ஜன்னலை மறந்தது. ஸ்வார்த்மோர் நிர்வாகத்துக்கு மிகக் குறைந்த மதிப்பெண். 1933இல் அதன் மாணவிகள் விடையை எழுதிக் கையில் கொடுத்தார்கள். 2012இல் அதைப் படிக்காமலே எதிர்ப்பக்கம் ஒரு முடிவெடுத்தது. 2019இல் சரியான விடையை எழுதியபோதும், எழுதவைத்தவர்கள் மாணவர்களே.

அன்று தீட்டா திருப்பி அனுப்பிய அந்த யூத மாணவியின் பெயர் இந்த வரலாற்றைச் சொல்கிறவர்கள் வாயில் வருவதில்லை. அவருக்காகக் கலைக்கப்பட்ட சங்கத்தின் பெயரை மட்டும் எல்லோரும் கிரேக்க எழுத்தோடு சொல்கிறார்கள்.